தாராசுரத்துல ஒரே ஒரு தூணு, அப்புறம் அந்த 250 ரூபா

கும்பகோணம் பஸ் ஸ்டாண்டுல இறங்குனதும் ஒரு ஆட்டோ அண்ணன் தாராசுரத்துக்கு 250 கேட்டாரு. இருக்கறதே ஒரு நாலு கிலோமீட்டருங்க! கேட்டா "ரிட்டன் காலியா வரணும் தம்பி"ங்கறாரு. கடுப்புல டவுன் பஸ்ஸுக்கு நின்னேன், அது வந்தப்போ படி வரைக்கும் கூட்டம், என் கேமரா பை மேல ஒரு அக்கா வாழைக்காய் கூடையை வச்சுட்டு நிம்மதியா டிக்கெட் எடுத்துக்கிட்டாங்க.

தாராசுரத்தோட திருபுவனம், புள்ளமங்கைனு இந்தப் பக்கத்துச் சோழர் கோயில் எல்லாம் ஒரே நாள்ல பார்க்கற ரூட் எழுதறேன்னு போன பதிவுல சொல்லியிருந்தேன்ல? மன்னிச்சுக்கோங்க. தாராசுரத்து ஐராவதேஸ்வரர் கோயிலை விட்டு நகரவே முடியல.

12ஆம் நூற்றாண்டு, இரண்டாம் ராஜராஜ சோழன் கட்டுனது, 2004ல யுனெஸ்கோ லிஸ்ட்ல சேர்ந்துச்சு. எல்லாரும் தேர் மாதிரி இருக்கற மண்டபத்தோட சக்கரத்து முன்னாடி செல்ஃபி எடுத்துட்டுப் போயிடறாங்க. நான் உள்ள ஒரு தூண் முன்னாடி முக்கா மணி நேரம் உக்காந்துட்டேன். கொடி ஒண்ணு வளைஞ்சு வளைஞ்சு மேல ஏறுது, ஒவ்வொரு வளையத்துக்குள்ளயும் கட்டைவிரல் உசரத்துக்கு ஒரு ஆளு, ஒருத்தி காலைத் தூக்கி ஆடறா, அடுத்ததுல ஒருத்தன் மத்தளம் தட்டறான். கொடிக்குப் பின்னாடி இருக்கற பள்ளத்தை ஒரே ஆழத்துக்குக் குடைஞ்சிருக்காங்க, அதனால சாய்வா வெளிச்சம் படும்போது பள்ளத்துல நிழல் கட்டி கொடி மட்டும் தனியா மிதக்குது! அதே தூணுல மேல ஒரு பட்டையை ஒண்ணுமே செதுக்காம வழவழன்னு விட்டிருக்கான் பாருங்க அந்தச் சிற்பி, அங்கதான் அவன் கெட்டிக்காரன், அது இல்லன்னா இவ்வளவு நுணுக்கமும் சேர்ந்து கண்ணைக் கரிச்சிருக்கும்.

டெல்டால எவ்வளவு தோண்டுனாலும் வண்டல்தான், அம்மிக்கல்லு கூட வெளியூர்லேர்ந்துதான் வரணும். இவ்வளவு கருங்கல்லை இழுத்துட்டு வந்து, அதுல போய் சாண் உசரத்துக்கு நாயன்மார் கதை! சுந்தரர் பாடி முதலைகிட்டேர்ந்து பையனை மீட்டதை அந்தச் சின்ன இடத்துக்குள்ள அடக்கியிருக்காங்க. குனிஞ்சு குனிஞ்சு பார்த்து இடுப்பு போச்சு.

பின்பக்கம் ஒரு கல்லுல உளிப்புள்ளி அப்படியே இருந்துச்சு, எங்க பாட்டி வீட்டு அம்மியைக் கொத்தி வச்ச அன்னிக்கு இருக்கற மாதிரியே சொரசொரன்னு. தொடலாமான்னு கை போச்சு, தொடல.

சில ஊர்ல திருப்பணிங்கற பேர்ல மணலை பிரஷர்ல பீச்சி அடிக்கறாங்களே, அது எனக்கு ஆகவே ஆகாது. மேல பூசுன சுண்ணாம்போட சேர்த்து கல்லோட தோலே உரிஞ்சு, கல்வெட்டு மழுங்கி, சிலையோட விரல் நகம் வரைக்கும் போயிடுது. பளிச்சுனு இருக்காம், யாருக்கு வேணும் அந்தப் பளிச்சு?

மத்தியானம் பிராகாரத்துல கால் வைக்க முடியல, ஓடித்தான் வெளிய வந்தேன். சாப்பாடு, டிகிரி காபி எல்லாம் போக கையில 180 இருந்துச்சு. புள்ளமங்கை அடுத்த மாசம் சம்பளம் வந்தப்புறம்தான்.