பீருக்கு ஒன்று, மைக்குக்கு ஒன்று: சுங்கை சிப்புட்டில் உணவகத்துக்கு லைசன்ஸ் எடுப்பவர்களுக்கு

கடைக்கு முன்பணம் கட்டி, பெயர்ப்பலகைக்கும் ஆர்டர் கொடுத்துவிட்டு, அதற்குப் பிறகு "பீர் லைசன்ஸுக்கு எங்கே போகணும்?" என்று விசாரிக்கிறவர்கள்தான் அதிகம். வரிசை தலைகீழ். முதலில் பார்க்க வேண்டியது அந்த இடத்தின் கிராண்ட், அதாவது நிலப்பட்டா.

டவுனுக்குள் இருக்கும் கடைவீடு என்றால் பெரும்பாலும் சிக்கல் இல்லை. தோட்டத்தை ஒட்டிய பழைய மண்டபம், எண்ணெய்ப்பனைக்கு நடுவே பாதையோரத்துக் கொட்டகை போன்றவைதான் வம்பு. வாடகை மலிவு, கார் நிறுத்த இடம் தாராளம், சத்தம் போட்டாலும் கேட்பாரில்லை. ஆனால் நிலத்தின் வகை 'விவசாயம்' என்று இருக்கும். அதை மாற்ற தேசிய நிலச் சட்டத்தின் 124-ஆவது பிரிவின்கீழ் நில உரிமையாளர் விண்ணப்பிக்க வேண்டும். வாடகைக்காரர் செய்ய முடியாது. உரிமையாளர் தோட்டக் கம்பெனியாக இருந்தால், ஓர் உணவகத்துக்காக அவர்கள் அந்த வேலையில் இறங்கமாட்டார்கள். நில அலுவலகத்தில் கட்டணம் கட்டி 'சாரியான்' (நிலப் பதிவேட்டுத் தேடல்) எடுத்தால் நில வகையும் நிபந்தனையும் தெரிந்துவிடும். வாடகை ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போடும் முன் இதைச் செய்துவிடுங்கள்.

அடுத்து, எந்தக் காகிதம் எந்த மேசையிலிருந்து வருகிறது என்பது. இங்கேதான் பலரும் குழம்புகிறார்கள். கடை நடத்தும் லைசன்ஸ் நகராண்மைக் கழகத்துடையது. பேராக் மாநிலத்தின் சுங்கை சிப்புட் என்றால் கோலகங்சார் நகராண்மைக் கழகம். மது லைசன்ஸ் கூட்டரசுச் சட்டம், அதாவது 1976-ஆம் ஆண்டு கலால் சட்டம். அதன்கீழ் அமைந்த லைசன்ஸ் வாரியம்தான் முடிவு செய்யும். போராங் (விண்ணப்பப் படிவம்) வாங்குவதும் கொடுப்பதும் மாவட்ட நில அலுவலகத்தில். பாட்டு, கராவோக்கே, மேடை எல்லாம் மாநிலச் சட்டம்: 1998-ஆம் ஆண்டு பேராக் கேளிக்கை, கேளிக்கை இடங்கள் சட்டம். இதற்கு மறுபடி நகராண்மைக் கழகம். மது லைசன்ஸ் சுவரில் தொங்குகிறது என்பதற்காக மைக் பிடித்துப் பாட அனுமதி கிடைத்துவிட்டதாக ஆகாது. மைக்குக்கு லைசன்ஸ் இருந்தாலும் பீர் ஊற்ற முடியாது.

மது லைசன்ஸில் எந்த வகை என்பதைப் போராங் நிரப்பும் முன்பே தீர்மானித்துக்கொள்ளுங்கள். உட்கார்ந்து குடிக்கும் இடங்களுக்கு 'ரூமா அவாம்', 'ரூமா பீர்' என்று இரண்டு உண்டு. முன்னதில் விஸ்கி, பிராந்தி உட்பட எல்லா மதுவும் விற்கலாம். பின்னதில் பீர் வகை மட்டும். இரண்டிலும் வகுப்புகள் உண்டு. வகுப்பைப் பொறுத்துக் கட்டணமும் விற்பனை நேரமும் மாறும். மூன்றாவது, சில்லறைக் கடை லைசன்ஸ். மூடியைத் திறக்காமல் வாங்கிக்கொண்டு போவதற்கு மட்டுமே அது. மளிகைக் கடைக்காரர்கள் மாட்டிக்கொள்வது இதில்தான். சம்பள நாள் மாலையில் கடைக்கு வெளியே இரண்டு பிளாஸ்டிக் நாற்காலி, ஒரு ஸ்டூல், நாலு கேன். "அவங்களாகவே உட்கார்ந்து குடிக்கிறாங்க" என்ற விளக்கம் செல்லாது. நாற்காலியும் திறந்த கேனும் போட்டோவில் விழுந்தால் லைசன்ஸுக்கே ஆபத்து.

சோற்றுக் கடைதான் முக்கியம், பீர் பக்கத்துணை என்றால் ரூமா பீர் போதும். வாரியத்தின் முன் இருக்கும் விண்ணப்பம் எவ்வளவு சின்னதோ, அவ்வளவுக்குக் கேள்விகளும் குறைவு.

சேர்க்க வேண்டியவை: ஐசி நகல், பாஸ்போர்ட் அளவு படங்கள், எஸ்எஸ்எம் (மலேசிய நிறுவன ஆணையம்) பதிவு, முத்திரைத் தீர்வை கட்டிய வாடகை ஒப்பந்தம், கடை லைசன்ஸ், இடம் காட்டும் வரைபடம், உள்ளமைப்பு பிளான், கடையின் முன்புறம், உட்புறம், இருபக்கமும் தெரியும் படங்கள். சுற்றிலும் மசூதி, சூராவ் (சிறு தொழுகைக்கூடம்), கோயில், பள்ளிக்கூடம் எங்கே என்று வரைபடத்தில் நீங்களே காட்டிவிடுங்கள். மறைத்தால் இடம் பார்க்க வருகிற அதிகாரி கண்டுபிடிப்பார், அதோடு மற்ற காகிதங்கள்மீதும் சந்தேகம் வரும்.

நிராகரிப்பைவிட 'திருத்திக் கொண்டு வாருங்கள்' என்று திரும்புவதுதான் அதிகம். காரணம் அநேகமாக ஒரே மாதிரிதான்: பெயரும் முகவரியும் ஒத்துப்போகாது. எஸ்எஸ்எம்மில் மனைவி பெயர், வாடகை ஒப்பந்தத்தில் கணவர் பெயர், கடை லைசன்ஸில் மைத்துனர் பெயர். முகவரியில் ஓரிடத்தில் லாட் எண், இன்னோரிடத்தில் கடை எண். லைசன்ஸ் ஓர் ஆளுக்கும் ஓர் இடத்துக்கும் சேர்த்துத் தரப்படுவது. ஆகவே எல்லாக் காகிதத்தையும் ஒரே பெயருக்குக் கொண்டுவந்த பிறகே போராங்கைத் தொடுங்கள். பின்னாளில் கடையை விற்றால் லைசன்ஸ் கூடவே போகாது. வாரியத்திடம் போய்த்தான் ஆக வேண்டும்.

போராங் உள்ளே போனதும் போலீஸ், சுங்கத்துறை, பொம்பா (தீயணைப்புத் துறை), நகராண்மைக் கழகம் என்று பல துறைகளிடம் 'உலாசான்' (கருத்துரை) கேட்கப்படும். நாட்கள் போவது இங்கேதான். எல்லாருடைய பதிலும் வந்து சேர்ந்தால்தான் விண்ணப்பம் வாரியக் கூட்டத்துக்குப் போகும். ஒரு பதில் தாமதமானாலும் அடுத்த கூட்டம்வரை காத்திருக்க வேண்டியதுதான். மாவட்ட அலுவலகத்துக்குப் போன் போட்டு "ஆச்சா?" என்று கேட்பதைவிட, "எந்தத் துறையின் உலாசான் பாக்கி?" என்று கேளுங்கள். அதற்குப் பதில் கிடைக்கும். அந்தத் துறையை நீங்களே நேரில் பார்க்கலாம்.

பொம்பா என்ன பார்ப்பார்கள் என்பதை ஊகிப்பது சுலபம். பின்கதவு. நம் ஊர்க் கடைவீடுகளில் அது எப்போதும் கிரில் போட்டுப் பூட்டியிருக்கும், முன்னால் பீர் கிரேட்டும் வெங்காய மூட்டையும் அடுக்கியிருக்கும். கடை திறந்திருக்கும் நேரத்தில் அந்தக் கதவு சாவி இல்லாமல் திறக்க வேண்டும். மேலே 'கெலுவார்' (வெளியேறும் வழி) விளக்கு எரிய வேண்டும். கரண்டைத் துண்டித்தால் அவசர விளக்கு பிடித்துக்கொள்ள வேண்டும். தீயணைப்பான் வாங்கி மாட்டினால் மட்டும் போதாது, அதில் ஒட்டிய சான்று லேபிள் காலாவதியாகாமல் இருக்க வேண்டும். கராவோக்கே அறை கட்டுபவர்கள் சத்தம் வெளியே போகாமல் இருக்கச் சாதாரண ஸ்பாஞ்சைச் சுவரெங்கும் ஒட்டிவிடுகிறார்கள். தீப்பற்றினால் அது நொடியில் எரியும், புகை கொல்லும். தீ பரவாத பொருள்தான் என்பதற்கு விற்பவரிடம் சான்று கேட்டு வாங்குங்கள்.

சுகாதாரத் தரப்பில், உணவைக் கையாளும் ஒவ்வொருவருக்கும் பயிற்சிச் சான்றிதழும் டைபாய்டு தடுப்பூசியும் இருக்க வேண்டும். மது வாங்குபவரின் வயது வரம்பு 2017 டிசம்பர் 1 முதல் 18 அல்ல, 21. அந்த அறிவிப்பு கவுண்டரில் தெரிய வேண்டும். பீர் சில்லரில் 100 பிளஸையும் சோயா பாலையும் கலந்து வைக்கக்கூடாது. மதுவுக்குத் தனி இடம் வேண்டும். இடம் மிச்சம் பிடிக்க நினைப்பவர்கள் இதில்தான் நோட்டீஸ் வாங்குகிறார்கள்.

சரக்கை இன்வாய்ஸ் இல்லாமல் வாங்காதீர்கள். லாரியில் கொண்டுவந்து பாதி விலைக்குத் தருபவர் இந்தப் பக்கம் எப்போதும் இருப்பார். 2018 செப்டம்பரில் கிள்ளான் பள்ளத்தாக்கில் மெத்தனால் கலந்த மலிவு மதுவால் பல பேர் செத்தார்கள், அதில் வெளிநாட்டுத் தொழிலாளர்கள் நிறைய. வரி கட்டாத சரக்கு கடையில் இருந்தால், குடித்தவருக்கு ஒன்றும் ஆகாவிட்டாலும் கலால் சட்டத்தின்கீழ் வழக்கு உண்டு.

இனி பாட்டு. கராவோக்கே, நேரடி இசை இரண்டுக்கும் கேளிக்கை லைசன்ஸ் வேண்டும். தீபாவளிக்கு ஓர் இரவு மட்டும் இசைக்குழு வைப்பதென்றால் தற்காலிக அனுமதி கேட்கலாம். இது போக காப்புரிமை தனி. 1987 காப்புரிமைச் சட்டப்படி கடையில் பாட்டுப் போடுவது பொதுமக்கள் முன் பாட்டை நிகழ்த்துவதாகும். பாட்டை எழுதியவர்கள், இசையமைத்தவர்கள் சார்பில் எம்ஏசிபி, ஒலிப்பதிவு நிறுவனங்கள் சார்பில் பிபிஎம் என்று வசூல் அமைப்புகள் கட்டணம் கேட்கும். ஸ்போட்டிபைக்கு மாதச் சந்தா கட்டுகிறேனே என்றால், அது வீட்டில் கேட்பதற்குத்தான், கடைக்குப் பொருந்தாது. கடையின் பரப்பளவு, பயன்படுத்தும் விதம் எல்லாம் கட்டணத்தில் கணக்கு. ஆகவே சமையலறையையும் ஸ்டோரையும் சேர்க்காமல் வாடிக்கையாளர் உட்காரும் இடத்தை மட்டும் அளந்து சொல்லுங்கள்.

1976 உள்ளாட்சிச் சட்டத்தின் 107-ஆவது பிரிவின்படி நகராண்மைக் கழகம் தான் தந்த லைசன்ஸைக் காரணம் சொல்லாமலே ரத்து செய்யலாம். பக்கத்துக் குடியிருப்புத் தாமான்காரர்களின் சத்தப் புகார் இந்த விஷயத்தில் எந்த ஆவணத்தையும்விடக் கனமானது. ஸ்பீக்கரை ரோட்டைப் பார்த்துத் திருப்பாதீர்கள், பேஸைக் குறையுங்கள்.

சென்னையிலிருந்து பாடகரை அழைப்பதாக இருந்தால் புஸ்பால் (வெளிநாட்டுக் கலைஞர்களுக்கு அனுமதி தரும் மத்தியக் குழு) அனுமதியும் குடிநுழைவுத் துறையின் பாஸும் தேவை. டிக்கெட் போட்டால் 1953 கேளிக்கை வரிச் சட்டமும் வரும். விலக்கு உண்டா என்று மாநிலத் தரப்பில் முன்கூட்டியே கேட்டு, பதிலை எழுத்தில் வாங்குங்கள். போஸ்டர் அடிப்பதும் டிக்கெட் விற்பதும் அந்தக் கடிதங்கள் கைக்கு வந்த பிறகுதான்.