காளத்தியில ஆடின ஒத்த விளக்கு

2021 மே மாசம் தம்பி ஆஸ்பத்திரில ஆக்சிஜன் மாஸ்க்கோட கெடந்தப்ப அம்மா ஒரு மஞ்சத்துணியில 11 ரூபா முடிஞ்சு சாமி ரூம்ல வச்சாங்க. காளத்தியில வாயு ரூபமா இருக்கிற சிவனே, என் புள்ளைக்கு மூச்ச குடு, அவனையே கூட்டிட்டு வந்து உன் முன்னாடி நிறுத்துறேன்னு வேண்டுதல். அவன் நல்லபடியா வீட்டுக்கு வந்துட்டான். வேண்டுதல் தான் அப்படியே நின்னுபோச்சு, லீவு இல்லம்மா, ரிலீஸ் இருக்கும்மா, அடுத்த மாசம் பாக்கலாம்மான்னு வருஷமே ஓடிப்போச்சு. போன வாரம் அம்மா சாப்பாட்டு தட்டை வச்சிட்டு "நான் கண்ண மூடுறதுக்குள்ளயாவது வருவியாடா"ன்னு கேட்டதும் தான் துரை காரை எடுத்தான்.

விடியக்காலைல சென்னைல கிளம்பி தடா வழியா ஆந்திராவுல இருக்கிற காளத்திக்கு, அதான் ஸ்ரீகாளஹஸ்திக்கு, போனோம். தம்பிக்கு இதுலல்லாம் பெருசா நம்பிக்கை கிடையாது. கருவறையில காத்தே இல்லாம ஒரு விளக்கு மட்டும் ஆடிக்கிட்டே இருக்கும்னு அம்மா சொன்னதுக்கு, "எங்கயாவது ஓட்டை இருக்கும்க்கா, இன்னிக்கு கண்டுபிடிச்சு சொல்றேன் பாரு"ன்னு என்கிட்ட கிசுகிசுன்னு சொல்றான். அம்மாவுக்கு காது நல்லாவே கேக்கும், ஆனா ஒண்ணும் சொல்லல.

கார்ல இருந்து கால கீழ வைக்கல, நாலு பேர் சுத்திக்கிட்டாங்க. ராகு கேது ஸ்பெஷல்மா, சீக்கிரம் முடிச்சு தரேம்மான்னு நல்ல தமிழ்ல! நாங்க பரிகாரத்துக்கே வரலன்னு சொன்னாலும் விடல, ஒருத்தர் தம்பி மூஞ்சிய பாத்து "சாருக்கு தோஷம் இருக்கு"ன்னே சொல்லிட்டாரு. பாவம் பக்தருங்க பயத்துல தான் இவங்க பொழப்பே ஓடுது போல. ராஜகோபுரத்த பாத்ததும் அம்மா அப்படியே நின்னுட்டாங்க, கிருஷ்ணதேவராயர் கட்டின பழைய கோபுரம் 2010ல சரிஞ்சப்ப டிவி முன்னாடி உக்காந்து அழுதவங்க, இப்ப இருக்கிற புதுசை இன்னிக்கு தான் நேர்ல பாக்குறாங்க.

பாதாள விநாயகருக்கு படி ரொம்ப குறுகல், முட்டி வலியோட அம்மாவால இறங்க முடியாது, மேலேயே கும்பிட்டுக்கிட்டாங்க. அப்புறம் க்யூ. அத பத்தி சொல்லவே வேணாம். பின்னாடி ஒரு அம்மா முழங்கையாலயே என்னை கருவறை வரைக்கும் கொண்டு போய் சேத்துட்டாங்க, அவங்களுக்கும் புண்ணியம்.

உள்ள ஜன்னல் இல்ல, மூச்சு முட்டுது, வேர்வை காதோரமா வழியுது. குருக்கள் கூட தொடாத அந்த திருமேனி, பக்கத்துல விளக்குங்க. மத்ததெல்லாம் வரைஞ்சு வச்ச மாதிரி அசையாம நிக்குது, ஒண்ணு மட்டும் லேசா நீளுது, சாயுது, திரும்ப வந்து குறுகுது, மறுபடி நீளுது. தூங்குற குழந்தையோட வயிறு ஏறி இறங்குமே, அந்த மாதிரி. எனக்கு சட்டுனு அந்த மே மாசம் தான் கண்ணு முன்னாடி வந்துச்சு. எங்கள உள்ள விடமாட்டாங்க, ராத்திரி ஒரு நர்ஸ் பொண்ணு வீடியோ கால்ல ஒரு நிமிஷம் இவன காட்டும், நான் மூஞ்சிய கூட பாக்க மாட்டேன், நெஞ்சு ஏறுதா இறங்குதான்னு மட்டும் எண்ணிக்கிட்டு இருப்பேன். இங்கயும் என்னை அறியாம எண்ணிக்கிட்டு இருந்தேன், ஒண்ணு, ரெண்டு, மூணு...

அம்மா அழுவாங்கன்னு நெனச்சேன். இல்ல, பக்கத்து வீட்டுக்காரங்க கிட்ட பேசற மாதிரி "இந்தா, சொன்ன மாதிரி கூட்டிட்டு வந்துட்டேன், லேட்டாயிடுச்சு, கோச்சுக்காத"ன்னாங்க. ஓட்டை தேட வந்தவன பாத்தா ரெண்டு கையும் தலைக்கு மேல, வாய் தொறக்கல. ஜரகண்டி ஜரகண்டின்னு தள்ளுறாங்க, அவன் நகரல. அப்பனே, என்ன சொல்றது, எத்தனை வீட்டுல திரும்பி வராதப்ப எங்க வீட்டுல திருப்பி குடுத்தியே, எங்களுக்கு என்ன தகுதி இருந்துச்சு, கண்ணப்பர் மாதிரி கண்ணையா குடுத்தோம், வெறும் 11 ரூபா, அதையும் கடன் வச்சோம்.

அம்பாள் ஞானப்பிரசூனாம்பிகைய பாத்தப்ப எனக்கு கண்ணு கலங்கி எதுவுமே சரியா தெரியல, புடவை கலர் கூட ஞாபகம் இல்ல. உண்டியல் கிட்ட அம்மா முடிச்ச அவுக்க பாத்தாங்க, இத்தனை வருஷத்துல இறுகிப்போய் பல்லால கடிச்சும் வரல, துணியோட போட்டுட்டாங்க.

திரும்பும்போது திருப்பதில சித்தி வீட்ட பாத்துட்டு போலாமான்னு கேட்டேன், காளத்திக்கு வந்தா நேரா வீட்டுக்கு தான்னு அம்மா ஒரே போடா போட்டுட்டாங்க. வழி பூரா தம்பி பேசவே இல்ல. ஓட்டை எங்கடான்னு கேக்க நாக்கு துறுதுறுன்னுச்சு, கேக்கல.

வீட்டுக்கு வந்து கை கால் கழுவிட்டு விளக்கேத்தினதும் அம்மா சாமி ரூம்ல இருந்து அந்த பழைய ஆக்சிமீட்டர எடுத்து என் கைல குடுத்தாங்க. பேட்டரி எப்பவோ போயிடுச்சு, இத்தனை நாளும் மஞ்சத்துணி பக்கத்துலயே இருந்திருக்கு.

"இத எடுத்து பீரோல வைடி"ன்னாங்க.