மடி கரையேறும் வரை ஒரே ஷாட்

இசைத் தயாரிப்பிலிருந்து ஒளிப்பதிவுக்கு வந்தவன் என்றால், தாளத்துக்கேற்பக் காட்சிகளை வெட்டுவதில் கெட்டிக்காரனாக இருப்பான் என்றே பலரும் எதிர்பார்க்கிறார்கள். ராமநாதபுரம் கடற்கரையில் மீனவர்களின் வேலையைப் படமாக்கத் தொடங்கிய பிறகு, எங்கே வெட்டக்கூடாது என்பதைச் சொல்வதுதான் பழகிய காது செய்யும் பெரிய உதவி என்று உறுதியாக நம்புகிறேன்.

தனுஷ்கோடிப் பக்கம் கரைவலை இழுக்கும்போது, கடலில் அரைவட்டமாக விட்ட வலையின் இரண்டு கயிறுகளையும் இரண்டு அணிகளாக நின்று இழுக்கிறார்கள். ஒருவர் ‘ஏலேலோ’ என்று எடுத்துக்கொடுக்க, மற்றவர்கள் ‘ஐலசா’ என்று வாங்கும் அந்த இடத்தில்தான் எல்லோருடைய பாரமும் கயிற்றில் இறங்குகிறது. வலை கனக்கக் கனக்க இரண்டு இழுவைகளுக்கு நடுவே மூச்சு வாங்கும் நேரம் நீள்கிறது; மீன் சேரும் பை போன்ற வலையின் கடைப்பகுதியான மடி கண்ணுக்குத் தெரிந்ததும் பாட்டு விரைகிறது. இதை, சீரான தாளம் தட்டும் கருவியான மெட்ரோனோமுக்குள் அடைத்தால் பாட்டு செத்துவிடும். துண்டு துண்டாக நறுக்கினாலோ, உழைப்பின் கனம் பார்ப்பவருக்குப் போய்ச் சேராது. பேட்டி கேட்டபோது, “தம்பி, மடி கரையேறட்டும், பெறகு பேசுவோம்” என்றார் ஒரு பெரியவர். ஷாட்டின் நீளத்துக்கும் அதையே அளவாக வைத்துக்கொண்டேன்.

ஒளியைப் பொறுத்தவரை, ஒலிப்பதிவில் கற்ற எச்சரிக்கை அப்படியே கைகொடுத்தது. அளவு மீறி உச்சத்தில் வெட்டுப்பட்ட ஒலி மீளாததைப் போலவே, வெண்மணலில் வெளிறிப்போன வெளிச்சமும் மீளாது. நொடிக்கு 24 ஃபிரேம் எடுக்கும்போது ஒவ்வொரு ஃபிரேமுக்கும் ஷட்டர் வழக்கமாக 1/48 நொடி திறந்திருக்கும். உச்சி வெயிலைச் சமாளிக்க ஷட்டர் நேரத்தைக் குறைத்தால், கயிற்றை இழுக்கும் கைகள் விட்டுவிட்டுத் துடிப்பதாகத் தெரியும். இழுவையின் ஓட்டமே கெட்டுவிடும். ஆகவே ஷட்டரைத் தொடாமல் லென்ஸுக்கு முன், நிறம் மாற்றாமல் வெளிச்சத்தை மட்டும் குறைக்கும் என்.டி. ஃபில்டர் மாட்டுவதே சரி.

பாம்பன் கரையில் வள்ளத்துக்கு ஆணி அடிப்பவரைத் தொலைவிலிருந்து எடுத்தபோது வேறொரு கேள்வி எழுந்தது. ஒலி நொடிக்கு ஏறத்தாழ 340 மீட்டர் செல்வதால், 170 மீட்டருக்கு அப்பால் விழும் அடி 12 ஃபிரேம் பிந்தித்தான் காதுக்கு வரும். அதை இழுத்துப் படத்தோடு ஒட்டவைப்பதே வழக்கம். நான் அப்படியே விட்டுவிட்டேன். கரையின் அகலத்தை எந்த வைட் ஷாட்டையும்விட அந்தத் தாமதம் நன்றாகச் சொல்கிறது.

வாடைக் காலத்தில் பாக் நீரிணை கொந்தளிப்பதால், கரைவலை மன்னார் வளைகுடாப் பக்கம் இறங்கும். பாட்டை அலையோசை விழுங்கிவிடாதபடி எடுத்துக்கொடுப்பவருக்கு ஒரு காலர் மைக்கும், இழுப்பவர்களின் குரலுக்குக் காற்றுத் தடுப்பு மாட்டிய இன்னொரு மைக்கும் வைத்து, இரண்டு அணிகளுக்கும் நடுவே கேமராவை நிறுத்தி அடுத்த பகுதியை எடுக்கவிருக்கிறேன்.