குருக்கள் தட்டினால்தான் மேளம் அடிக்கும்

எங்கள் தெருப் பிள்ளையார் கோயிலில் ஒரு மின்சார மேளம் இருக்கிறது. நீங்களும் எங்காவது பார்த்திருப்பீர்கள். இரும்புச் சட்டத்தில் இரண்டு முரசு, ஒரு மணி, ஒரு ஜோடி தாளம். கீழே அரைக் குதிரைத்திறன் மோட்டார், அதிலிருந்து ஒரு பெல்ட், பெல்ட் முடியும் இடத்தில் கிராங்க். சுவிட்சைப் போட்டால் நாலு ஆள் வாசிப்பைத் தனியாக வாசித்துவிடும். சம்பளமும் கேட்காது, டீயும் கேட்காது.

மழைக்காலத்துக்கு அப்புறம் ஒரு நாள் தீபாராதனை நேரத்தில் அது மக்கர் செய்தது. சுவிட்சைப் போட்டால் 'ம்ம்ம்...' என்று முனகல் மட்டும். முரசுக் கோல் அசையவில்லை. ஒரு கையில் கற்பூரத் தட்டோடு நின்ற குருக்கள், கடுப்பில் "விநாயகா!" என்று சொல்லிக்கொண்டே மற்றக் கையால் பெல்ட் ஓடும் சக்கரத்தில் ஒரு தட்டு தட்டினார். டமடமவென்று மேளம் கிளம்பிவிட்டது.

அன்றிலிருந்து அதுவே முறையாகிவிட்டது. சுவிட்ச், முனகல், விநாயகா, தட்டு, மேளம். கூட்டத்தில் ஒருத்தர், "நான் தட்டுறேன் சாமி" என்று போய் இரும்புச் சட்டத்தைத் தட்டிவிட்டுத் திரும்பினார். மேளம் முனகிக்கொண்டே இருந்தது. "அவர் கைக்குத்தாங்க கேட்கும்" என்று பூக்கார அக்கா தீர்ப்புச் சொல்லிவிட்டார். கொஞ்ச நாளில் சக்கரத்தின் நடுவில் சந்தனமும் குங்குமமும் ஏறின. புது வண்டிக்குப் பூஜை போட வந்தவர்கள் பிள்ளையாரைக் கும்பிட்ட கையோடு மோட்டாரையும் கும்பிட்டுவிட்டுப் போனார்கள்.

இதில் சிரிக்க ஒன்றும் இல்லை. சாமி காரியத்தில் இயந்திரத்தை ஒளித்து வைப்பது ரொம்பப் பழைய வேலை. எகிப்தின் அலெக்சாண்டிரியாவில் கி.பி. முதலாம் நூற்றாண்டில் ஹீரோன் என்றொரு பொறியாளர் இருந்தார். ஐந்து டிராக்மா நாணயத்தைப் போட்டால் தீர்த்தம் தரும் பெட்டி ஒன்றை அவர் விவரித்து எழுதியிருக்கிறார். நாணயம் விழுந்த கனத்தில் உள்ளே ஒரு நெம்புகோல் சாயும், அடைப்புத் திறக்கும், தண்ணீர் வரும். நாணயம் சரிந்து கீழே விழுந்ததும் நின்றுவிடும். பலிபீடத்தில் தீ மூட்டினால் கோயில் கதவு தானாகத் திறக்கும் ஏற்பாடும் அவர் எழுதியதில் உண்டு. சூட்டில் விரிந்த காற்று ஒரு கலத்திலிருந்து தண்ணீரைத் தள்ளி வாளியில் நிரப்பும். வாளி கனத்துக் கீழே இறங்கும்போது கயிறு கதவை இழுத்துவிடும். வெளியே நிற்கிறவருக்குத் தெரிவது தீயும் கதவும்தான். வாளி தெரியாது. எங்கள் ஊரில் தெரியாமல் இருந்தது கெப்பாசிட்டர் என்ற மோட்டார் பாகம்.

குருக்கள் தன் மகளின் வளைகாப்புக்குக் கும்பகோணம் போனபோதுதான் வினை வந்தது. பதிலுக்கு வந்த இளம் குருக்களிடம் எல்லாம் சொல்லிவிட்டுப் போனவர், எந்தப் பக்கம் தட்ட வேண்டும் என்பதைச் சொல்லவில்லை. அந்தப் பிள்ளை இடக்கைக்காரர். "விநாயகா!" சரியாகத்தான் சொன்னார். தட்டு மட்டும் கீழிருந்து மேலே போனது. மேளமும் கிளம்பியது, ஆனால் தலைகீழாக! முதலில் அடிக்க வேண்டிய முரசு கடைசியில் அடித்தது, கடைசித் தாளம் முதலில் வந்தது. இரண்டு நிமிஷம் யாரும் கன்னத்தில் போட்டுக்கொள்ளவில்லை. "என்னங்க இது, வேற ஊர்வலத்து அடி மாதிரி இருக்கு?" என்றார் பின்னால் நின்ற பெரியவர்.

ராத்திரிக்குள் பரிகாரம் வரை பேச்சு போய்விட்டது. 108 தேங்காய் உடைக்கலாம் என்று ஒரு கட்சி. பிரசன்னம் பார்க்கலாம் என்று இன்னொரு கட்சி. தேங்காய் விலையைக் கேட்ட பொருளாளர்தான், "முதல்ல எலக்ட்ரீஷியனக் கூப்பிடுவோம்" என்றார். பக்தியைவிடச் சில சமயம் சிக்கனம் நல்ல வழி காட்டும்.

வந்த தம்பி ஒரு நிமிஷம் முனகலைக் கேட்டான். "கெப்பாசிட்டர் போயிடுச்சுண்ணே. சிங்கிள் பேஸ் மோட்டாருக்கு எந்தப் பக்கம் சுத்தணும்னு தானாத் தெரியாது. கெப்பாசிட்டர்தான் இன்னொரு காயிலுக்குக் கரண்ட்டைக் கொஞ்சம் முன்ன பின்ன அனுப்பி வழி காட்டும். அது செத்துட்டா மோட்டார் நின்ன இடத்துல முனகும். நீங்க எந்தப் பக்கம் தள்ளுறீங்களோ, அந்தப் பக்கம் ஓடும்." அப்புறம் பெல்ட்டைப் பார்த்தான். "இதுலயா கைய வச்சீங்க? விரல் போயிருக்கும்!"

இவ்வளவு விளக்கிய தம்பி, புதுக் கெப்பாசிட்டரை மாட்டியதும் பையிலிருந்து ஒரு எலுமிச்சம்பழத்தை எடுத்து மோட்டார் மேல் வைத்துவிட்டுத்தான் சுவிட்சைப் போட்டான். என் மகள் சிரித்தாள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. 2019 அக்டோபரில் பிரான்ஸில் ரஃபேல் போர் விமானத்தின் சக்கரத்தடியில் எலுமிச்சம்பழம் வைத்ததை நாடே பார்த்தது. தைவானில் கம்ப்யூட்டர் சர்வர் மேல் குவாய் குவாய் என்ற நொறுக்குத்தீனிப் பாக்கெட்டை வைப்பார்கள். பச்சை நிறப் பாக்கெட்டாக இருக்க வேண்டும், தேதி காலாவதியாகி இருக்கக் கூடாது. கம்ப்யூட்டர் சிப் செய்கிற ஊரே அப்படி இருக்கும்போது, எங்கள் அரைக் குதிரைக்கு ஒரு பழம் கூடாதா?

மேளம் தட்டாமலே, முனகாமலே ஓடியது. நியாயப்படி கதை இங்கே முடிந்திருக்க வேண்டும்.

குருக்கள் ஊரிலிருந்து திரும்பினார். சுவிட்சைப் போட்டு, "விந..." என்று கையை ஓங்குவதற்குள் மேளம் அடிக்க ஆரம்பித்துவிட்டது. ஓங்கிய கையை என்ன செய்வது என்று தெரியாமல் பூணூலைச் சரி செய்துகொண்டார். பக்தர்களுக்கும் திருப்தி இல்லை. "முன்ன மாதிரி ஒரு இது இல்லைங்க" என்றார் பூக்கார அக்கா. பழைய கெப்பாசிட்டரையே திரும்ப மாட்டச் சொல்லி நிஜமாகவே இரண்டு பேர் கமிட்டியில் பேசினார்கள்.

மறுபடி தம்பி வந்தான். பெல்ட்டுக்குத் தகரத்தில் ஒரு மூடி அடித்தான். மூடிக்கு உள்ளே ஒரு புஷ் பட்டன். இப்போது சுவிட்சைப் போட்டால் ஒன்றும் நடக்காது. குருக்கள் "விநாயகா!" என்று மூடியில் ஒரு தட்டு தட்டினால்தான் மேளம் கிளம்பும். இடக்கையால் தட்டினாலும் சரியான பக்கமே சுற்றும். மூடியில் சந்தனம் வைக்கத் தனியாக ஒரு வட்டமும் வரைந்து கொடுத்துவிட்டான். குருக்கள் முகத்தில் அன்றைக்கு ஒரு தேஜஸ்!

பில் வந்தது. கெப்பாசிட்டர் ஒன்று, புஷ் பட்டன் ஒன்று, தகர மூடி ஒன்று, எலுமிச்சம்பழம் ஒன்று. பொருளாளர் கண்ணாடியை இறக்கிப் படித்துவிட்டுக் கடைசி வரியை மட்டும் பேனாவால் அடித்தார்.

"ஏன் சார்?" என்றான் தம்பி.

"அது உன் நம்பிக்கை. கோயில் கணக்குல வராது."