கே.பி.ஏ.சி. லலிதாவின் குரல்: ஒரு திருச்சூர் நாட்குறிப்பு

பிப்ரவரி 23, 2022, புதன்

காலையில் அரிசி களைந்துகொண்டிருந்தேன், கீழ்வீட்டு டீச்சர் படிக்கட்டடியில் நின்று கூப்பிட்டார். "மோளே, நம்ம லலிதச்சேச்சி போயி." ஈரக் கையோடு இறங்கி ஓடினேன். மலையாள நடிகை கே.பி.ஏ.சி. லலிதா இறந்த செய்தி டிவியில் ஓடிக்கொண்டிருந்தது. நேற்று ராத்திரி திருப்பூணித்துறையில், மகன் சித்தார்த்தின் வீட்டில். வயது 74. டீச்சர் அழவில்லை. நேரியதின் நுனியை விரலில் சுற்றுவதும் அவிழ்ப்பதுமாக உட்கார்ந்திருந்தார், நானும் பக்கத்தில் உட்கார்ந்துவிட்டேன், அடுப்பில் தண்ணீர் கொதித்து வற்றும்வரை நினைவே வரவில்லை.

தகனம் வடக்காஞ்சேரி எங்கக்காட்டில், கணவர் பரதன் வீட்டு மண்ணில். இங்கேயிருந்து பஸ் ஏறினால் முக்கால் மணி நேரம். கடையில் ஆள் குறைவு, லீவு கேட்க வாய் வரவில்லை, போகவில்லை. சாயங்காலம் கணக்கு எழுதும்போது இரண்டு தடவை கூட்டலைத் தப்பாகப் போட்டேன்.

நான் ஏன் இவ்வளவு கலங்குகிறேன் என்று பொள்ளாச்சியிலிருந்து அம்மா போனில் கேட்டார். அம்மாவுக்கு அவரை 'அலைபாயுதே'யில் மாதவனுக்கு அம்மாவாக வந்தவர் என்றுதான் தெரியும். எனக்கு அப்படி இல்லை. 2011இல் இந்த ஊருக்கு வந்தபோது எனக்கு மலையாளம் வராது. தமிழோடு 'ஆணு' சேர்த்தால் மலையாளம் ஆகிவிடும் என்று நினைத்திருந்தேன். முதலில் வேலை பார்த்த கடையில் நான் வாயைத் திறந்தாலே கூட வேலை செய்கிறவர்கள் சிரிப்பார்கள், அதனால் மூன்று மாதம் பேசாமலே வேலை செய்தேன். டீச்சர்தான் சாயங்காலம் சாயங்காலம் கூப்பிட்டு டிவி முன்னால் உட்கார வைத்தார். 'தட்டீம் முட்டீம்' தொடர் அப்போது வந்தது, அதில் மாமியார் மாயாவதியாக லலிதா. அவர் பேசுவதை அப்படியே வாய்க்குள் சொல்லிப் பார்ப்பேன். மலையாளத்தில் 'ஓ' என்றால் சரி என்று அர்த்தம். ஆனால் அந்த 'ஓ'வைக் கொஞ்சம் இழுத்து மூக்கு வழியாக விட்டால் 'உன் யோக்கியதை எனக்குத் தெரியும்' என்றும் ஆகும். இதை எந்தப் புத்தகமும் எனக்குச் சொல்லித் தரவில்லை, லலிதா சொல்லித் தந்தார். இன்றைக்கு மார்க்கெட்டில் மீன் பேரம் பேசும்போது என் வாயில் வருவது பாதிக்குப் பாதி அவருடைய ஏற்ற இறக்கம்தான்.

பிப்ரவரி 25, வெள்ளி

இரண்டு நாளாக டீச்சர் வீட்டில் அவர் பேச்சுத்தான். இன்றைக்கு அந்தப் பெயரைப் பற்றிச் சொன்னார். பிறந்தபோது வைத்த பெயர் மகேஸ்வரி அம்மா. ஆலப்புழை பக்கம், காயங்குளம். அப்பா போட்டோகிராபர். சின்ன வயதிலேயே நடனம் கற்று, நாடகத்துக்கு வந்து, பிறகு கே.பி.ஏ.சி. குழுவில் சேர்ந்திருக்கிறார். கேரளா பீப்பிள்ஸ் ஆர்ட்ஸ் கிளப், கம்யூனிஸ்ட் இயக்கத்தோடு சேர்ந்து வளர்ந்த நாடகக் குழு, அந்தக் காலத்துக் கேரளத்தில் அது நாடகம் போடாத ஊர் குறைவு. அங்கே நாடக ஆசிரியர் தோப்பில் பாசி வைத்த பெயர்தான் லலிதா. சினிமாவில் ஏற்கெனவே ஒரு லலிதா இருந்தார், திருவிதாங்கூர் சகோதரிகளில் மூத்தவர். குழப்பம் வேண்டாம் என்று குழுவின் பெயர் இவருக்கு முன்னால் வந்து ஒட்டிக்கொண்டது. அப்பா பெயரையோ ஊர் பெயரையோ முன்னால் போட்டுக்கொண்ட நடிகர்கள் நிறைய. தான் வேலை கற்ற இடத்தைச் சாகும்வரை பெயராகச் சுமந்த நடிகை எனக்குத் தெரிந்து இவர்தான்.

முதல் படம் 'கூட்டுகுடும்பம்', 1969. அதுவும் தோப்பில் பாசி நாடகத்திலிருந்து வந்ததுதான், கே.எஸ். சேதுமாதவன் இயக்கம். அதற்குப் பிறகு ஐந்நூற்றைம்பது படத்துக்கு மேல். அப்போது மலையாள சினிமாவே சென்னையில்தான், கோடம்பாக்கம் ஸ்டூடியோக்களில் எடுப்பார்கள். லலிதாவும் வருஷக்கணக்கில் சென்னையில் இருந்தவர். 1978இல் இயக்குநர் பரதனைக் கல்யாணம் செய்துகொண்டார். நம் ஊரில் 'தேவர் மகன்' எடுத்த பரதன்தான். 1998இல் சென்னை ஆஸ்பத்திரியில் அவர் இறந்ததும் லலிதா கொஞ்ச நாள் நடிக்காமல் இருந்தார், பிறகு சத்யன் அந்திக்காடு படம் ஒன்றில் திரும்பி வந்தார்.

பிப்ரவரி 27, ஞாயிறு

லீவு. டீச்சரும் நானும் 'கொடியேற்றம்' பார்த்தோம், 1977, அடூர் கோபாலகிருஷ்ணன். பின்னணி இசையே கிடையாது. ஊர் சுற்றிக்கொண்டு, குழந்தை மாதிரி, சாப்பாடு ஒன்றைத் தவிர எதுவும் மண்டையில் ஏறாத சங்கரன்குட்டியாக பரத் கோபி, அவனுக்கு வாழ்க்கைப்பட்ட சாந்தம்மாவாக லலிதா. அவனை மொத்தப் படமும் பார்த்துக்கொண்டிருக்கிறது. அவளை யாரும் பார்ப்பதில்லை, கட்டியவன் உட்பட. லலிதா இதற்காக முகத்தைத் தொங்கப் போடவே இல்லை. பரிமாறுகிறார், காத்திருக்கிறார், அவ்வளவுதான். ஆனால் அந்தப் பெண் இனி பொறுக்க மாட்டாள் என்று அவள் கிளம்புவதற்கு ரொம்ப முன்னாலேயே நமக்குத் தெரிந்துவிடுகிறது. எப்படித் தெரிந்தது என்று டீச்சரைக் கேட்டேன். "பாத்திரம் வைக்கிற சத்தத்தில்" என்றார். இசை இல்லாத படம் என்பதால் பாத்திரச் சத்தமும் காலடியும் தவிர காதுக்கு வேறு எதுவும் இல்லை. ரிமோட்டைப் பிடுங்கி மறுபடி ஓட்டிக் கேட்டேன். உண்மைதான்.

மார்ச் 1, செவ்வாய்

ஒரு விஷயம் ரெண்டு நாளாக உறுத்துகிறது, எழுதிவிடுகிறேன்.

கேரள அரசு விருதுகளில் துணை நடிகைக்கான விருதுக்கு ரொம்ப வருஷம் பெயர் என்ன தெரியுமா, 'இரண்டாவது சிறந்த நடிகை'. அந்தப் பட்டத்தை லலிதா நான்கு தடவை வாங்கியிருக்கிறார், 1975, 1978, 1990, 1991. அதாவது நான்கு தடவை மேடையில் ஏற்றி, நீ ரெண்டாவது என்று சொல்லியிருக்கிறார்கள். ஓட்டப்பந்தயமா இது? 'ஸ்படிக'த்தில் கணக்கு வாத்தியார் திலகனுக்கும் ரவுடியாகிவிட்ட மகன் மோகன்லாலுக்கும் நடுவில் நிற்கிற அம்மாவை எடுத்துவிட்டால், அப்பனும் மகனும் முறைத்துக்கொண்டு நிற்பது மட்டும்தான் மிஞ்சும். அது எப்படி ரெண்டாவது ஆகும்? பின்னால் அந்தப் பெயரை மாற்றிவிட்டார்கள். மாற்றினால் மட்டும், கொடுத்த காலத்துச் சொல் போய்விடுமா.

1991 ஒரே வருஷத்தில் அவர் செய்ததைப் பார்த்தாலே போதும். 'அமரம்' கடற்கரைப் படம், பரதன் இயக்கியது, லோகிததாஸ் எழுத்து. அதில் முரளியின் மனைவி பார்கவி. 'சந்தேச'த்தில் ஆளுக்கொரு கட்சியைப் பிடித்துக்கொண்டு வீட்டை ரெண்டாக்குகிற பிள்ளைகளுக்கு அம்மா. 'காட்ஃபாதர்' படத்தில் இன்னொசென்ட் யாருக்கும் தெரியாமல் கட்டி வைத்திருக்கிற கொச்சம்மிணி. மூன்றும் கேரளத்துப் பெண்தான், மூன்றும் நடுவயதுதான், ஆனால் ஒருத்தி குரலில் இன்னொருத்தி இல்லை. அமரத்தில் கடற்காற்றுக்கு மேலே கேட்கிற மாதிரி, தொண்டையை விரித்து எறிகிற பேச்சு. இடுப்பில் கை வைத்து, தலையை ஒரு பக்கமாகச் சாய்த்து அவர் பேச ஆரம்பித்தால் எதிரே மம்மூட்டி இருக்கிறார் என்பதே மறந்துபோகிறது. அதற்குத்தான் முதல் தேசிய விருது. இரண்டாவது ஜெயராஜின் 'சாந்தம்' படத்துக்கு, அரசியல் கொலையும் அம்மாக்களும் பற்றியது. அதைப் பார்த்த அன்று எனக்கு ராத்திரி தூக்கம் வரவில்லை.

'மணிச்சித்ரதாழ்' தெரியாதவர்கள் இருக்க மாட்டார்கள், 'சந்திரமுகி'யின் தாய்ப்படம். வடிவேலு செய்த வேடம் அங்கே இன்னொசென்ட், அவர் மனைவி லலிதா. இன்னொசென்டும் இவரும் சேர்ந்து நின்றாலே தியேட்டர் சிரிக்கத் தயாராகிவிடும் என்று டீச்சர் சொல்கிறார். பார்க்கப்போனால் அந்தச் சிரிப்பில் பாதி, இன்னொசென்ட் பேசும்போது லலிதா அவரைப் பார்க்கிற பார்வையில்தான் இருக்கிறது.

மார்ச் 4, வெள்ளி

நேற்று 'பீஷ்ம பர்வம்' ரிலீஸ். டீச்சருக்கு மூட்டு வலி, தியேட்டர் படி ஏற முடியாது, நான் மட்டும் போனேன். மம்மூட்டி ரசிகர்கள் காகிதம் கிழித்துப் பறக்கவிட்டுக்கொண்டிருந்தார்கள். லலிதா வந்ததும் என் வரிசையில் இருந்த ஒரு அம்மா "ஐயோ, சேச்சி" என்று மெதுவாகச் சொன்னார். நெடுமுடி வேணுவும் அவரும் பழி தீரக் காத்திருக்கிற வயதான தம்பதி. வேணு போன அக்டோபரிலேயே போய்விட்டார், இவர் பத்து நாளுக்கு முன்னால். ரெண்டு பேரும் திரையில் பக்கத்தில் பக்கத்தில். படம் எப்படி என்று கேட்டால் எனக்குச் சொல்லத் தெரியவில்லை. அவர்கள் வரும் இடமெல்லாம் நான் கதையைக் கவனிக்கவே இல்லை.

மார்ச் 8, செவ்வாய்

மகளிர் தினம் என்று கடையில் எல்லாப் பெண்களுக்கும் ரோஜாப்பூ கொடுத்தார்கள். வீட்டுக்கு வந்து இதை எழுதலாமா வேண்டாமா என்று யோசித்தேன். எழுதுகிறேன்.

2018இல் சில நடிகைகள் சேர்ந்து மலையாள நடிகர் சங்கத்தைக் கேள்வி கேட்டார்கள், தங்களோடு வேலை செய்த ஒரு பெண்ணுக்கு நடந்த கொடுமைக்காக. அப்போது லலிதா சங்கத்தின் பக்கம் உட்கார்ந்து பேசினார், அந்தப் பெண்கள் மன்னிப்புக் கேட்க வேண்டும் என்கிற மாதிரி. அன்றைக்கு நான் அவர் மேல் கோபப்பட்டேன், இன்னும் அந்தக் கோபம் போகவில்லை. தன் இளமையில் பெரிய நடிகர் ஒருவர் தந்த தொல்லையையும் அதனால் வாய்ப்பு இழந்ததையும் தானே வெளியில் சொன்னவர் அவர். வலி தெரிந்தவர். அப்படிப்பட்டவர் அந்த மேசைக்கு அந்தப் பக்கம் உட்கார்ந்ததுதான் எனக்குத் தாங்கவில்லை.

டீச்சரிடம் சொன்னேன். அவர் ரொம்ப நேரம் பேசவில்லை, அப்புறம், "ஐம்பது வருஷம் ஒரே தறவாட்டில் இருந்தவள், தறவாட்டை விட்டுக்கொடுக்க மாட்டாள் மோளே" என்றார். தறவாடு என்றால் பரம்பரைக் குடும்ப வீடு. அது காரணமாக இருக்கலாம். எனக்கு அது போதவில்லை. அவர் குரலை நேசிக்கிறேன், அன்றைக்கு அந்தக் குரல் சொன்னதை ஏற்க முடியாது, ரெண்டும் உண்மை.

மார்ச் 13, ஞாயிறு

'மதிலுகள்'. இதைக் கடைசியாகப் பார்ப்பது என்று முதலிலேயே முடிவு செய்திருந்தேன்.

மலையாள எழுத்தாளர் பஷீரின் கதை, அடூர் எடுத்தது, 1990இல் வந்தது. திருவனந்தபுரம் சிறையில் பஷீராக மம்மூட்டி. பெரிய மதில், அந்தப் பக்கம் பெண்கள் சிறை. அங்கேயிருந்து ஒரு குரல் வருகிறது, நாராயணி. ரெண்டு பேரும் மதிலைத் தாண்டிப் பேசிப் பேசியே காதலிக்கிறார்கள். அவள் வந்துவிட்டாள் என்பதற்கு அடையாளம், காய்ந்த சுள்ளி ஒன்று ஆகாயத்தில் எழும்பி விழும். நாராயணியின் முகம் படத்தில் வரவே வராது. குரல் மட்டும், லலிதாவின் குரல்.

அப்போது அவருக்கு நாற்பதைத் தாண்டியிருந்தது, கேரளத்தில் எல்லா வீட்டுக்கும் தெரிந்த குரல். முகம் தெரியாத இளம்பெண்ணுக்கு இவ்வளவு தெரிந்த குரலா என்று கேட்கத் தோன்றும். ஆனால் கேட்டுப் பாருங்கள். அவள் பஷீரிடம் ரோஜாச்செடி ஒன்று கேட்கிறாள். அந்தக் கேட்பில் கொஞ்சலும் இருக்கிறது, கிடைக்காது என்ற பயமும் இருக்கிறது, ஜெயிலில் ரொம்ப நாள் இருந்த ஒருத்தியின் வறட்சியும் இருக்கிறது. மம்மூட்டிக்கு எதிரே ஆளே இல்லை, செங்கல் சுவர்தான். அந்தச் சுவருக்கு உயிர் வந்தது அவர் குரலால். ஐந்நூறு படத்தில் பாத்திரம் வைத்தும் இடுப்பில் கை வைத்தும் தலை சாய்த்தும் செய்ததையெல்லாம் இங்கே கையும் தலையும் இல்லாமல் செய்திருக்கிறார்.

மார்ச் 19, சனி

ஊருக்குக் கிளம்பினேன். பாலக்காடு வரை ரயில், அங்கிருந்து பொள்ளாச்சி பஸ். வடக்காஞ்சேரி தாண்டியதும் தண்டவாளத்தை ஒட்டி வயல், வயலுக்கு நடுவில் உத்ராளிக்காவு கோயில். பதினொரு வருஷமாக ஜன்னல் வழியாகப் பார்த்து, அழகாக இருக்கிறதே என்று நினைத்துக் கடந்த இடம். அதுதான் எங்கக்காடு என்று இந்த மாதம்தான் தெரியும். எழுந்து கதவருகே போய் நின்றேன். ஒரு நிமிஷம்கூட இருக்காது, வயல் போய்விட்டது.

மார்ச் 20, ஞாயிறு, பொள்ளாச்சி

மத்தியானம் அம்மா முறத்தில் மொச்சை உரித்துக்கொண்டிருந்தார். நான் மடியில் லேப்டாப் வைத்து மதிலுகள் போட்டேன். அம்மாவுக்கு இருந்த இடத்திலிருந்து திரை தெரியாது, அவர் தலையை நிமிர்த்தவும் இல்லை. நாராயணி பேச ஆரம்பித்துக் கொஞ்ச நேரத்தில் கை நின்றது.

"இவ சொவத்துல சாஞ்சு நின்னுட்டுத்தான் பேசறா."

"உங்களுக்கு எப்படித் தெரியும்மா? காட்டவே இல்லையே."

"நடந்துட்டுப் பேசுனா இப்படி வருமா கண்ணு. கன்னத்தச் சொவத்துல வச்சிருக்கறா."

நான் திரையைப் பார்த்தேன். மதில் மட்டும்தான் இருந்தது.

"அந்தப் புள்ள மூஞ்சியக் கடைசி வரைக்கும் காட்ட மாட்டாங்களா?"

"மாட்டாங்கம்மா."

அம்மா ஒன்றும் சொல்லவில்லை. முறத்தைத் தள்ளி வைத்துவிட்டுக் கையைச் சேலையில் துடைத்துக்கொண்டு கிட்டே நகர்ந்து உட்கார்ந்தார். அவள் செடி கேட்கிற இடத்தை மறுபடி போடச் சொன்னார்.