விளக்கு அணையும் பள்ளத்தாக்கு

கேம் நிறுவனத்தில் லெவல் டிசைனராக, அதாவது ஆடுபவர் நடமாடும் இடங்களை வடிவமைப்பவராக இருப்பவருக்கு அடிக்கடி வரும் வேலை ஒன்று உண்டு. "உள்ளே போகவே பயமா இருக்கணும், ஆனா போகாம இருக்கவும் முடியக் கூடாது" என்பார்கள். எங்கள் கற்பனை உலகின் வடக்கு மூலையில் அப்படியொரு பள்ளத்தாக்கு தேவைப்பட்டது. கதைக் குறிப்பில் இருந்தது ஒரே வரி: மந்திரம் ஊறிய மண், போனவர் திரும்பியதில்லை. மீதி எங்கள் பாடு.

கான்செப்ட் ஆர்ட் குழு முதலில் தந்த படங்களில் ஊதா நிற மூட்டம், பட்ட மரங்கள், வழிநெடுக மண்டை ஓடுகள். அருமையாக வரைந்திருந்தார்கள். ஆனால் அந்தப் படத்தைப் பார்த்த மாத்திரத்தில் ஆடுபவருக்கு எல்லாம் தெரிந்துவிடும். வாளை உருவிக்கொள்வார், கொஞ்ச நேரத்தில் பழகியும் விடுவார். பார்த்தாலே தெரிகிற ஆபத்துக்கு ஆயுள் குறைவு. ஒரு நிலம் நம்மை உண்மையிலேயே அச்சுறுத்த வேண்டுமென்றால் அதற்கென்று ஒரு சட்டம் வேண்டும், அந்தச் சட்டம் யாருக்காகவும் வளையக் கூடாது. இதைத்தான் கூட்டத்தில் சொன்னேன். "சரி, என்ன சட்டம்?" என்று கேட்டார் டீம் லீட்.

எனக்கு உடனே நினைவுக்கு வந்தது கேமரூன் நாட்டின் நியோஸ் ஏரி. எரிமலை வாயில் தேங்கிய ஏரி அது. அடியாழத்து நீரில் கரியமில வாயு கரைந்து சேர்ந்துகொண்டே வந்து, 1986 ஆகஸ்ட் 21 இரவு மொத்தமாகப் பொங்கி வெளியேறியது. அந்த வாயு காற்றைவிடக் கனமானது என்பதால் மேலே கலைந்து போகாமல் சரிவில் இறங்கி, வெள்ளம் மாதிரி பள்ளம் பார்த்து ஓடியது. ஏறத்தாழ 1,700 பேர் இறந்தார்கள், ஆயிரக்கணக்கான கால்நடைகளும் மாண்டன. 25 கிலோமீட்டர் தள்ளியிருந்தவர்களைக்கூட அது விட்டுவைக்கவில்லை. மேட்டில் இருந்தவர்கள் பலர் பிழைத்தார்கள். வீடுகள் அப்படியே நின்றன, செடிகொடிகளும் பச்சையாகவே இருந்தன. இன்னொரு முறை அப்படி நேராதிருக்க, 2001இலிருந்து குழாய் இறக்கி, ஆழத்து வாயுவைக் கொஞ்சம் கொஞ்சமாக வெளியேற்றி வருகிறார்கள்.

இத்தனை பேர் இறந்த நிகழ்வை விளையாட்டுக்கு எடுக்கலாமா என்று குழுவில் ஒரு தங்கை கேட்டார். நியாயமான கேள்வி. நெடுநேரம் பேசினோம். ஏரியும் வேண்டாம், ஊரும் வேண்டாம், பிணங்களும் வேண்டாம், அந்த வாயுவின் இயல்பை மட்டும் எடுத்துக்கொள்வோம் என்று முடிவானது. இன்றைக்குக் கேட்டாலும் அதுதான் சரி என்பேன்.

இன்னொரு துணுக்கு இத்தாலியிலிருந்து கிடைத்தது. நேப்பிள்ஸ் நகருக்கு அருகே 'நாய்க் குகை' என்றே பெயர் பெற்ற சிறு குகை இருக்கிறது. அங்கே கரியமில வாயு தரையை ஒட்டிப் படுத்திருக்கும். பழைய காலத்தில் வழிகாட்டிகள் பயணிகளுக்குக் காட்டுவதற்காகவே நாயை உள்ளே கொண்டுபோவார்கள். நின்றிருக்கும் மனிதருக்கு ஒன்றும் ஆகாது, நாய் மயங்கிச் சரியும். கொடுமையான வேடிக்கைதான். ஆனால் உயரம்தான் உயிர் என்பதை இதைவிடத் தெளிவாகச் சொல்ல முடியாது.

அப்படி உருவானதுதான் எங்கள் பள்ளத்தாக்கு. ஊதா மூட்டம் போய்விட்டது. முழங்கால் உயரப் புல், மஞ்சள் பூ, தெளிந்த வெயில். பறவைச் சத்தத்தை மட்டும் முழுக்க எடுத்துவிட்டோம். ஆடுபவரின் இடுப்பில் ஒரு எண்ணெய் விளக்கு தொங்கும். வாயு தேங்கிய தாழ்வான பகுதிக்குள் இறங்க இறங்க அதன் சுடர் குறுகும். இந்தச் சுடருக்காகப் பட்ட பாடு கொஞ்சமல்ல. சட்டென்று அணைந்தால் ஏமாற்று வேலை மாதிரி தெரிந்தது. நிதானமாக அணைந்தால் யாரும் கவனிக்கவில்லை. கடைசியில் சுடர் முதலில் திரியை விட்டு லேசாக எழும்பித் தத்தளிக்கும், அடுத்து நிறம் வெளிறும், அதற்கப்புறம்தான் அணையும் என்று வைத்தோம். அந்தத் தத்தளிப்பு பகல் வெளிச்சத்தில் கண்ணில் படாது, விளக்கைக் கையில் எடுத்துப் பார்த்தால்தான் தெரியும். எடுத்துப் பார்க்கத் தோன்றுகிறவர் பிழைத்துக்கொள்வார்.

கேம் ஆடிப் பழகியவர்கள் ஆபத்து என்றால் உடனே குனிவார்கள். மறைந்து நகரும் பழக்கம் விரலிலேயே ஊறியிருக்கும். இங்கே குனிந்தால் மூக்கு வாயுவுக்குள் போய்விடும். கூட வரும் பொதி சுமக்கும் ஆடு, மனிதருக்கு முன்பே தள்ளாடும். மந்திரம் என்று நாங்கள் சேர்த்தது ஒன்றுதான்: பொழுது சாய்ந்தால் அந்த வாயு மேலே ஏறும், விடிந்தால் இறங்கும். காலையில் நடந்து வந்த பாதை மாலையில் பாதையாக இருக்காது.

பள்ளத்தாக்கின் வாயிலில் எச்சரிக்கைப் பலகை வேண்டுமா என்ற பேச்சு வந்தபோது எனக்குக் கைகொடுத்தது சிலப்பதிகாரத்தின் காடுகாண் காதை. மதுரைக்குப் போகும் வழியைக் கேட்கும் கோவலனிடம் மாங்காட்டு மறையவன், சூலம் போலப் பிரியும் மூன்று பாதைகளைச் சொல்கிறான். ஒரு பாதையில் கேள்விக்குப் பதில் சொன்னால்தான் கதவு திறக்கும் பிலமும் (குகையும்) அதனுள் மூன்று பொய்கைகளும். இன்னொன்றில் வழிப்போக்கரை மயக்கும் தெய்வம். எல்லாவற்றையும் முன்கூட்டியே சொல்லியும் கோவலன் எதிரே அந்தத் தெய்வம் மாதவியின் தோழி வசந்தமாலை வடிவில் வந்து நிற்கத்தான் செய்கிறது. ஆபத்தைச் சொல்லிவிட்டால் பயம் போய்விடும் என்று நினைப்பவர்கள் இந்தக் காதையைப் படிக்க வேண்டும். நாங்களும் வாயிலில் ஒரு கிழவியை உட்கார வைத்தோம். "புல்லு உசரத்தைப் பாக்காதே, விளக்கைப் பாரு" என்று மட்டும் சொல்வாள்.

வெளியாட்களை ஆடவைத்துப் பார்க்கும் பிளேடெஸ்ட்டில் ஒரு கல்லூரி மாணவி பள்ளத்தின் விளிம்பில் நின்று, விளக்கைத் தடியின் நுனியில் மாட்டித் தாழ்த்த முடியுமா என்று தேடிக்கொண்டிருந்தார். அப்படியொரு வசதியே நாங்கள் வைத்திருக்கவில்லை. கேமின் அடுத்த பதிப்பில் விளக்குக்கு ஒரு நீளமான கயிறு சேர்த்தோம், கிழவிக்குப் புதிதாக வசனம் எதுவும் எழுதவில்லை.