"பாட்டு வருதா சார்?" - வருது என்று சொல்லி மாட்டிக்கொண்டேன்

இருளர்களின் காட்டு உணவைப் பற்றி ஆவணப்படம் எடுக்கக் கிளம்பியது போன வருஷம் தை மாதம். எந்த மலை, எந்த ஊர் என்று சொல்லமாட்டேன். ஊர்த் தலைவரான மூப்பனிடம் அப்படித்தான் வாக்குக் கொடுத்திருக்கிறேன். கேமரா, ஆள், பணம் எல்லாம் ஒருவழியாக அமைந்துவிட்டன. நாக்குத் தள்ளவைத்தது வன அலுவலக அனுமதிதான்.

ஊர் சரணாலயத்துக்குள் இருக்கிறது. தேனும் கிழங்கும் 2006 வன உரிமைச் சட்டப்படி சிறு வன மகசூல், எடுக்க அவர்களுக்கு உரிமை உண்டு. எடுப்பதைப் படம்பிடிக்கப் போகும் எனக்குத்தான் 1972 வன உயிரினச் சட்டத்தின் 28-ஆவது பிரிவில் அனுமதி வேண்டும்.

மனுவோடு 'கதைச்சுருக்கம்' என்று இரண்டு பக்கம் வைத்திருந்தேன். புரட்டிய எழுத்தர், "இதுல பாட்டு வருதா சார்?" என்றார்.

வருமே! பாறையில் மலைத்தேன் எடுக்க இறங்குகிறவர் பாடிக்கொண்டேதான் இறங்குவார், மேலே கயிற்றுக்குக் காவல் அவருடைய மச்சான் என்று ஆர்வக்கோளாறில் விளக்கினேன். அவர் ஓரத்தில் பென்சிலால் 'பாட்டு உண்டு' என்று குறித்துக்கொண்டார். கோப்பு சினிமா ஷூட்டிங் கணக்கில் போய் உட்கார்ந்தது. நடிகர் பட்டியல் கேட்டுக் கடிதம் வந்தது. நடிகர் யாரும் இல்லை என்று எழுதிக்கொண்டு போனால், "அப்ப மச்சான்னு போட்டிருக்கீங்களே, அது யாரு?"

சித்திரை போயிற்று, வைகாசி போயிற்று. மழை இறங்கியதும் தேனெடுப்பு முடிந்தது. நாலு தடவை பஸ் ஏறினேன். அதில் ஒன்று, "ஐயா கேம்ப்" என்ற பதிலைக் கேட்டுவிட்டுத் திரும்பத்தான். போன் போட்டுக் கேட்காமல் கிளம்பாதீர்கள். 'கதைச்சுருக்கம்' வேண்டவே வேண்டாம், 'படப்பிடிப்பு விவரம்' போதும். பாட்டு இருந்தால் 'தேனெடுப்போர் வழக்கம்' என்று எழுதுங்கள். எதைக் கொடுத்தாலும் நகலில் தேதி முத்திரை வாங்குங்கள். என் இரண்டாவது மனு வரவே இல்லை என்று சாதித்தவரிடம் முத்திரையை நீட்டினேன். அரை மணி நேரத்தில் பீரோவிலிருந்து வெளியே வந்தது. மொத்த அலைச்சலில் எனக்கு இனித்த அரை மணி நேரம் அதுதான்.

கார்த்திகையில் ஐந்து நாள் அனுமதி. தேன் போனால் போகட்டும், கிழங்காவது இருக்கிறதே என்று போனேன். அங்கே ஒரு பாட்டி கடப்பாரையைக் கீழே வைத்துவிட்டார். "முன்னயும் ஒருத்தரு புடிச்சிட்டுப் போனாரு கண்ணு. அந்தப் படம் எங்க?"

அலுவலகத்துக்கு அத்தனை காகிதம் சுமந்தவனிடம் இதற்கு ஒரு பதில் இல்லை. ஒன்றரை நாள் கேமராவைப் பையிலிருந்தே எடுக்கவில்லை. முடித்ததும் இங்கேயே கொண்டுவந்து காட்டுவேன் என்று மூப்பன் முன்னால் சொன்ன பிறகுதான் பாட்டி எழுந்தார்.

காய்ந்த கொடியைப் பிடித்துக்கொண்டே போய் ஒரு புதரடியில் உட்கார்ந்து தோண்டினார். இடுப்பளவுக் குழி. நூரைக் கிழங்கை முறித்தெடுத்து, கொடி ஒட்டியிருந்த தலைத்துண்டை மட்டும் திரும்பக் குழிக்குள் வைத்து, மண்ணைத் தள்ளிக் காலால் மிதித்தார். மழைக்கு மறுபடி முளைக்குமாம்.

போன மாதம் வேட்டியைத் திரையாகக் கட்டிப் போட்டுக் காட்டினோம். ஊரே சிரித்துக்கொண்டு பார்த்தது. பாட்டி மட்டும், "குழிய மூடுனதக் காணோமே? தோண்டிப் போட்டுட்டு வந்தவளாட்டம் இருக்குது" என்றார்.

நீளமாக இருக்கிறதென்று வெட்டியது நான்தான். 11 விநாடி. நேற்று ராத்திரி திரும்பச் சேர்த்தேன்.